சேலையூரில் நான் இறந்துபோயிருந்தேன்

சின்னம்மா வீடு கட்டியிருந்தாள். சாமியார் வந்து புது வீட்டை மந்திரிக்கிற நாளில் பிறந்த வீட்டுப் பக்கத்திலிருந்து யாராவது வந்து நின்றால்தான் மரியாதை என்று எழுதியிருந்தாள். அம்மாவுக்கு முழங்கால் வலி. அதனால் பினாங்கிலிருந்து தாம்பரத்துக்கு நான் வந்தேன். பார்த்தவர்கள் எல்லாம், "இதுக்காகவா கடல் தாண்டி வந்தே?" என்று கேட்டார்கள். இதுக்காகத்தான் என்று சொன்னேன். பாதி உண்மை. மீதிப் பாதி என்னவென்றால், சின்னம்மா வீட்டிலிருந்து இரண்டு மைலில் சேலையூர் இருந்தது, சேலையூரில் ஸ்டானி இருந்தான்.

ஸ்டானிஸ்லாஸ் எங்கள் ஊர்ப் பள்ளிக்கூடத்துக்குக் கணக்கு வாத்தியாராக வந்தவன். அதே பள்ளிக்கூடத்து ஆபீஸில் நான் டைப் அடித்துக்கொண்டிருந்தேன். 'பழகினோம்' என்றெல்லாம் மெழுகிச் சொல்ல எனக்கு விருப்பமில்லை. பைத்தியமாக இருந்தோம். சனிக்கிழமை மாலைகளில் பட்டர்வொர்த் போகிற ஃபெர்ரியில் ஏறி, இறங்காமலே போய்ப் போய் வருவோம். எந்தக் கரையில் நிற்கிறது என்றுகூடப் பார்க்க மாட்டோம். பிறகு, வெளிநாட்டுக்காரர்களுக்கு வேலைப் பர்மிட்டைப் புதுப்பிக்காமல் அனுப்பிக்கொண்டிருந்த காலம் வந்தது. அவனும் கப்பலேறினான். "அம்மாகிட்ட சொல்லிட்டு உன்னைக் கூப்பிட்டுக்கறேன்" என்றான். நாலைந்து கடிதம் வந்தது. அப்புறம் இனி எழுதாதே என்று ஒரு வரி. ஏன் என்று இல்லை.

அதற்குப் பிறகான நாட்களை எப்படிக் கழித்தேன் என்று எனக்கே சரியாக ஞாபகமில்லை. கோப்பிக் கடைக்குள் நான் நுழைந்தால் பேச்சு நின்றுவிடும். பக்கத்து வீட்டுச் சீனத்தி, எனக்கு ஏதோ வியாதி என்று நினைத்து, வாரம் தவறாமல் கோழிச் சூப் கொடுத்தனுப்புவாள். என் அறையில் டைப்ரைட்டரைத் தவிர வேறெதுவும் சத்தம் போடாது. கேட்க ஒரு கேள்வி மட்டும் இருந்தது. அதை நேருக்கு நேர் நின்று கேட்டுவிட வேண்டும். அப்புறம் எப்படியாவது பிழைத்துக்கொள்ளலாம் என்று நினைத்தேன்.

தாம்பரத்தில் முதல் இரண்டு நாட்கள் வாயைப் பிளந்து ஊரைப் பார்ப்பதிலேயே போயின. மின்சார ரயிலில் பெண்களுக்கென்று தனிப் பெட்டி. அதற்குள் ஒருத்தி பூ கட்டுகிறாள், ஒருத்தி கீரை ஆய்கிறாள், இன்னொருத்தி எனக்கு அறிமுகமே இல்லாமல் தன் பிள்ளையை என் மடியில் வைத்துவிட்டு ஜன்னலோரம் வெற்றிலை துப்பப் போகிறாள். எல்லோரும் ஒரே சமயத்தில் புடவைத் தலைப்பை மூக்கில் வைத்தால் பல்லாவரம் வந்துவிட்டது என்று அர்த்தம். தோல் பதனிடுகிற வாடை. எங்கள் ஊரில் கருவாட்டு வாடைக்கு யாரும் மூக்கைப் பொத்துவதில்லை. சின்னம்மாவிடம் சொன்னேன். "அது திங்கிற வாடைடி, இது செருப்பு வாடை" என்றாள்.

காபி இன்னொரு ஆச்சரியம். நாங்கள் கோப்பியைக் கறுப்பாகப் போட்டு டின்பாலைக் கீழே தூங்கவிடுவோம். இவர்கள் பாலைக் காபிக்குள் ஊற்றுகிறார்களா, காபியைப் பாலுக்குள் ஊற்றுகிறார்களா என்று கடைசிவரை எனக்குப் பிடிபடவில்லை. டம்ளரை உதட்டில் வைக்காமல் தூக்கிக் குடிக்க வேண்டும் என்றார்கள். முதல் நாள் குடித்ததில் பாதி என் கழுத்து வழியாகப் போனது. தலைக்கு மேல் விமானப்படைக்காரர்களின் பயிற்சி விமானங்கள் கொசு மாதிரி சுற்றிக்கொண்டே இருந்தன. சின்னப்பா பேச்சு நடுவில் நிறுத்துவார், விமானம் போகும், விட்ட சொல்லிலிருந்து ஆரம்பிப்பார். அவருக்கே அது தெரியாது.

ஞாயிற்றுக்கிழமை மாதா கோவிலுக்குப் போனோம். நான் சப்பாத்துக் காலோடு உள்ளே நுழைந்துவிட்டேன். எங்கள் ஊரில் எல்லோரும் அப்படித்தான். இங்கே வாசலில் செருப்புகள் குவிந்து கிடப்பதைப் பார்த்தும் எனக்கு உறைக்கவில்லை. ஒரு கிழவர் சீறினார். பெஞ்சு கிடையாது, பாயில் உட்கார வேண்டும். பெண்கள் இடது பக்கம், ஆண்கள் வலது பக்கம், நடுவில் நடைபாதை. புருஷன் பெண்டாட்டியாகவே இருந்தாலும் சாமி முன்னால் ஒன்றாக உட்காரக் கூடாது போலிருக்கிறது. முக்காடு போட்டுக்கொண்டு சின்னம்மா பக்கத்தில் உட்கார்ந்து, யார் யார் எப்படி இருக்கிறார்கள் என்று பார்த்துக்கொண்டிருந்தேன்.

பூசை ஆரம்பிப்பதற்கு முன்னால், இது யாருக்காக யார் கொடுக்கிற பூசை என்று சாமியார் அறிவிப்பது இங்கே வழக்கம். சாமியார் தொண்டையைக் கனைத்துக்கொண்டு சொன்னார்:

"பினாங்கில் மரித்த ஜெசிந்தாவின் ஆன்ம இளைப்பாற்றிக்காக, சேலையூர் அருளம்மாள் ஒப்புக்கொடுக்கும் பூசை."

என் பெயர் ஜெசிந்தா. ஸ்டானியின் அம்மா பெயர் அருளம்மாள்.

சின்னம்மா என் இடுப்பில் இடித்தாள். "உன் பேரு, உன் ஊரு, பாத்தியா? அதோ முன்னால நீலக் கரைப் புடவை, அந்த அம்மாதான். மகன் உங்க ஊர்ல வேலை பார்த்தானாம். கட்டிக்க இருந்த பொண்ணு மஞ்சள் காமாலை வந்து செத்துப்போச்சாம். முகம்கூடப் பார்த்ததில்ல, மாசாமாசம் பூசை கொடுக்கிறா பாவம். அவன்தான் கோவில் பக்கமே வர்றதில்ல." சொல்லிவிட்டு சிலுவை போட்டுக்கொண்டாள்.

எல்லோரும் முழங்காலிட்டார்கள். நானும் முழங்காலிட்டேன். நித்திய இளைப்பாற்றியை அவளுக்கு அளித்தருளும் என்று ஊரே சேர்ந்து சொன்னபோது என் வாயும் சேர்ந்து சொன்னது. பூசை முழுவதும் அந்த நீலக் கரையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். எனக்கு அழுகை வர வேண்டும் என்று எனக்கே தெரிந்தது. வரவில்லை. மஞ்சள் காமாலை என்று ஏன் சொன்னான், நான் அப்படி என்ன மஞ்சளாக இருந்தேன் என்றுதான் யோசித்துக்கொண்டிருந்தேன்.

வந்தபோது எனக்கு ஒரு கேள்வி. இப்போது இரண்டு. ஏன் விட்டாய்? நான் எப்படிச் செத்தேன்?

மறுநாள் கடைக்குப் போவதாகச் சொல்லிவிட்டு சேலையூர் பஸ் ஏறினேன். வழியில் வண்டி நின்றுவிட்டது. கண்டக்டர் விசில் ஊதினார். ஆண்கள் எல்லோரும் மறுபேச்சு இல்லாமல் இறங்கித் தள்ளினார்கள். எங்கள் ஊரில் இப்படி நடந்தால் ஒருத்தரும் இறங்க மாட்டார்கள். டிரைவரைத் திட்டிக்கொண்டு அடுத்த பஸ்ஸுக்கு நிற்பார்கள். இந்த அதிசயத்தைப் பார்த்த சுவாரசியத்தில் சேலையூருக்கு இறங்க வேண்டிய கேம்ப் ரோட்டைத் தவறவிட்டேன். மேடவாக்கத்தில் பஸ் காலியான பிறகுதான் விழித்துக்கொண்டேன். நாலு பக்கமும் வயல். ஒரு டீக்கடை.

அங்கே மீன் கூடையோடு ஒரு அம்மா உட்கார்ந்திருந்தாள். கடற்கரைக் குப்பத்திலிருந்து வந்து வீடு வீடாக விற்கிறவள். கன்னியம்மா என்று பெயர்.

"இன்னாமா, பாஷயே ஒரு தினுசா கீது? எந்த ஊரு?"

"பினாங்கு."

"எங்க போவணும்?"

"சேலையூர். அருளம்மாள் வீடு."

"அருளம்மா வூடா? நானும் அங்கதான் போய்க்கினு கீறேன். இப்டி குந்து, பஸ்ஸு வரும்." குரலைத் தாழ்த்தினாள். "அந்தப் புள்ள கட்டிக்க இருந்த பொண்ணு உங்க ஊருதான? தண்ணில பூட்ச்சாமே? கப்பல்ல வரசொல்ல வியுந்துட்ச்சாம். கடலு அப்டித்தாம்மா. எங்க சனத்துல எத்தினி பேர எட்த்துகினு பூட்ச்சு."

ஆக, இரண்டாவது சாவு. உண்மையைச் சொல்வதானால் காமாலையைவிட இது எனக்குப் பிடித்திருந்தது.

பஸ் வந்தது. கேம்ப் ரோட்டில் இறங்கி, வேப்பமரம் நின்ற ஒரு சின்ன ஓட்டு வீட்டு வாசலில் கன்னியம்மா கூடையை இறக்கினாள். "அருளம்மா! பினாங்குலேர்ந்து ஆளு வந்துகீது!"

வந்த அம்மா உயரமாக, கண்ணாடி போட்டுக்கொண்டு, ஈரக் கையைப் புடவையில் துடைத்துக்கொண்டே வந்தாள். என்னைப் பார்த்ததும் அவள் முகம் போன போக்கைப் பார்த்து, நான் ஜெசிந்தா என்று சொல்ல வைத்திருந்த வாய் அடைத்துவிட்டது.

"நீ... அவளுக்குத் தெரிஞ்சவளா?"

"சிநேகிதி. பேரு மார்கரெட்" என்றேன். ஆபீஸில் என் பக்கத்து நாற்காலிக்காரியின் பெயர்.

உள்ளே கூட்டிப் போய் மின்விசிறிக்கு நேரே உட்கார வைத்தாள். திருஇருதயப் படத்துக்குக் கீழே ஒரு மெழுகுவர்த்தி, பாதி எரிந்து நின்றது. "அவளுக்குத்தான்" என்றாள். "ஒரு போட்டோகூட இல்ல. பெட்டியோட கப்பல்ல தொலைஞ்சுபோச்சாம். அவ எப்படிம்மா இருப்பா?"

நான் என்ன சொல்ல?

"உயரமா?"

"என் உயரம்தான்."

"சிவப்பா?"

"இல்ல, என் நிறம்தான்."

"அழகா இருப்பாளா?"

"சுமாரா இருப்பா" என்றேன்.

அருளம்மாவுக்குக் கோபம் வந்துவிட்டது. "செத்தவளைப் பத்தி அப்படிச் சொல்லாதே. ஸ்டானி சொன்னான், அவ சிரிச்சா கன்னத்துல ரெண்டு பக்கமும் குழி விழுமாம்."

நல்லவேளை, அன்று நான் சிரிக்கும் நிலையில் இல்லை. அந்தக் குழியை அவன் நினைவு வைத்திருந்திருக்கிறான், அதைத் தன் அம்மாவிடம் சொல்லியிருக்கிறான், பிறகு அந்தக் குழியோடு என்னைப் புதைத்திருக்கிறான்.

கன்னியம்மா கொடுத்த வஞ்சிரம் குழம்பாகிவிட்டது. மாங்காய் போட்ட குழம்பு. நாங்கள் புளியோடு வெண்டைக்காயும் போட்டு மீன் தலையைத்தான் வைப்போம். இவர்கள் தலையைப் பூனைக்குப் போடுகிறார்கள். "அவளுக்கு மீன் பிடிக்குமா?" என்று கேட்டாள். உயிர் என்றேன். இன்னொரு துண்டு வைத்தாள். இறந்தவளின் சார்பில் அதையும் சாப்பிட்டேன். சாப்பிட்டுக்கொண்டே என் மூன்றாவது சாவையும் கேட்டுக்கொண்டேன். ஸ்டானி சொன்ன அசல் அதுதான். டைபாய்டு. ஆஸ்பத்திரி. பதினைந்து நாள் காய்ச்சல்.

"கடைசியா அவனுக்கு என்ன எழுதச் சொன்னா தெரியுமா?" அருளம்மா கண்ணாடியைக் கழற்றிவிட்டாள். "'உங்க அம்மாகிட்ட சொல்லுங்க, உங்களைக் கல்யாணத்துக்கு அவசரப்படுத்த வேண்டாம்னு.' அதான் சொன்னா. சாகும்போதும் அவனைப் பத்தியே நினைச்சிருக்கா. அதுலேர்ந்து நான் அவன்கிட்ட பொண்ணு பத்திப் பேசறதே இல்ல."

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. என்னைக் கொன்றது போதாதென்று, செத்துக்கொண்டே அவனுக்கு வேலை செய்யவும் வைத்திருக்கிறான்!

சைக்கிள் மணி கேட்டது. அவன் வந்துவிட்டான். பள்ளிக்கூடத்திலிருந்து வந்தவன், கையில் விடைத்தாள் கட்டு. கொஞ்சம் இளைத்திருந்தான். அவனைக் கண்டதும் என் நெஞ்சு அடித்துக்கொண்டது, வெட்கம்கெட்ட நெஞ்சு. அவன் வாசற்படியிலேயே நின்றுவிட்டான்.

"வணக்கம் சார்" என்றேன். "நான் ஜெசிந்தாவோட சிநேகிதி. மார்கரெட்."

"என்னடா நிக்கறே? ஜெசிந்தா பேரைக் கேட்டாலே இப்படித்தாம்மா ஆயிடுவான்" என்றாள் அருளம்மா. "போ, பஸ் ஏத்திவிட்டுட்டு வா."

கேம்ப் ரோட்டில் சைக்கிளைத் தள்ளிக்கொண்டு அவன், பக்கத்தில் நான். பெட்டிக்கடையைத் தாண்டினோம்.

"ஏன் ஸ்டானி?" என்றேன். இதற்குத்தானே வந்தேன்.

"அம்மா தினமும் கேட்டாங்க. எப்ப வர்றா, எப்ப வர்றான்னு. வேணாம்னு சொன்னா ஏன்னு கேப்பாங்க. செத்துட்டான்னா யாரும் ஏன்னு கேக்க மாட்டாங்க."

"அது அவங்களுக்கு. எனக்கு?"

அவன் சைக்கிள் மணியை விரலால் தடவிக்கொண்டே நடந்தான். "எனக்கே தெரியலை, ஜெசி. அங்க இருந்தப்ப நான் வேற ஆளு. இங்க வந்து இறங்கி, கிணத்துல நாலு வாளி தண்ணி இறைச்சு ஊத்திக்கிட்டேன். எல்லாம் யாருக்கோ நடந்த மாதிரி ஆயிடுச்சு."

இவ்வளவுதான். வேறொருத்தி இல்லை, ஜாதகம் இல்லை, வியாதி இல்லை. நாலு வாளி தண்ணீர். நான் ஒரு வருஷம் முழுக்க உட்கார்ந்து எத்தனையோ காரணங்களை யோசித்து வைத்திருந்தேன். எல்லாமே இதைவிடக் கௌரவமானவை.

பஸ் தூரத்தில் தெரிந்தது. "எப்ப கப்பல்?" என்று கேட்டான். நான் எங்கே தங்கியிருக்கிறேன், எப்படி இருக்கிறேன் என்று ஒன்றும் கேட்கவில்லை. அதற்குத்தான் நான் உடைந்தேன்.

மறுநாள் காலை ரயில் ஏறி, பெண்கள் பெட்டியில் உட்கார்ந்தேன். பீச் ஸ்டேஷன் வந்தது. இறங்கவில்லை. அதே வண்டி தாம்பரத்துக்குத் திரும்பியது. அங்கேயும் இறங்கவில்லை. பழைய ஃபெர்ரி பழக்கம். ஆனால் தோளோடு தோள் ஒட்டிக்கொள்ள இப்போது ஆள் இல்லை. முதல் தடவையாக வாய்விட்டு அழுதேன். யாருக்கும் என்னைத் தெரியாது, அதனால் யாருக்கும் பயப்பட வேண்டியதில்லை என்று நினைத்தேன். எதிரே கூடையோடு இருந்த பழக்காரி விட்டால்தானே?

"இன்னாத்துக்குமா அயுவுற? வூட்டுக்காரன் அட்ச்சானா?"

"இல்ல."

"பின்ன? குட்ச்சிட்டு வரானா?"

"இல்ல."

"அட்க்கவும் இல்ல, குடிக்கவும் இல்ல. அப்பறம் இன்னா பேஜாரு உனக்கு?" என்று அலுத்துக்கொண்டு ஒரு ஆரஞ்சுப் பழத்தை உரித்து, பாதியை என் கையில் வைத்தாள். பல்லாவரத்தில் இருவரும் சேர்ந்து மூக்கைப் பொத்திக்கொண்டோம். பினாங்கில் ஒரு வருஷமாக யாரும் என் பக்கத்தில் உட்கார்ந்து நான் அழுவதைப் பார்த்ததில்லை. சூப் அனுப்புவார்கள், வர மாட்டார்கள்.

வெள்ளிக்கிழமை சின்னம்மாவோடு பல்லாவரம் சந்தைக்குப் போனேன். மறுநாள் வீடு மந்திரிப்புக்குப் பாய், வாளி எல்லாம் வாங்க வேண்டும். அந்தச் சந்தையில் இல்லாத சாமான் இல்லை. புறா, பூட்டு, ஒற்றைச் செருப்பு, ஓடாத கடிகாரம், யாரோ வேண்டாம் என்று கழித்துவிட்ட எல்லாம். ஒரு சாக்கு விரிப்பில் எங்கள் ஊர்ச் சீனக் கடைகளில் சூப்புக்குக் கொடுக்கிற பீங்கான் கரண்டி ஒன்று கிடந்தது. எந்தக் கப்பலில் யாரோடு வந்ததோ. "அது உடைஞ்சது அக்கா, வேற எட்த்துக்கோ" என்றான் விற்கிறவன். விளிம்பில் சின்னதாக ஒரு சில்லு போயிருந்தது. பரவாயில்லை என்று வாங்கிக்கொண்டேன்.

சனிக்கிழமை காலை சாமியார் வந்து அறை அறையாகத் தீர்த்தம் தெளித்தார். சுண்ணாம்பு வாசனை, வடை வாசனை. விமானம் வரும்போதெல்லாம் ஜெபத்தை நிறுத்தி, கையைத் தூக்கியபடியே காத்திருந்தார். சின்னம்மா கோவில் பங்கில் பாதிப் பேரைக் கூப்பிட்டிருந்தாள் என்பது எனக்குப் பந்தி போடும்போதுதான் தெரிந்தது. நான் வடைத் தட்டோடு கூடத்துக்குள் வருகிறேன், அருளம்மா வாசலில் செருப்பைக் கழற்றிக்கொண்டிருக்கிறாள். திரும்பி உள்ளே ஓடலாம் என்று காலைத் திருப்பினேன்.

"ஜெசிந்தா!" என்று சின்னம்மா கூடத்தின் அந்தப் பக்கத்திலிருந்து கத்தினாள். "எங்கடி ஓடறே? அருளம்மாவுக்கு வடை வை. அருளம்மா, இதுதான் என் அக்கா மக. பினாங்கு ஜெசிந்தா. அன்னிக்குக் கோவில்லயே சொல்லணும்னு நினைச்சேன், அதே பேரு பாருங்க!"

அருளம்மா செருப்பை விட்டு நிமிர்ந்தாள். என்னைப் பார்த்தாள். நான் சிரித்துத் தொலைத்தேன். என்ன செய்வதென்று தெரியாமல் வந்த சிரிப்பு. அவள் என் இரண்டு கன்னங்களையும் பார்த்தாள்.

ஒரு வடையை எடுத்துக்கொண்டாள். நேரே சாமியாரிடம் போனாள். "சாமி, ஒரு சந்தேகம். உயிரோட இருக்கிறவங்களுக்கு நாம தெரியாம இளைப்பாற்றிப் பூசை கொடுத்துட்டா அது எங்க போகும்?"

சாமியார் வாய் நிறைய வடை. மென்று முடித்து, "வீணாப் போகாதும்மா. கேக்க ஆள் இல்லாத ஆத்துமம் எத்தனையோ இருக்கு. அதுல ஒண்ணுக்குப் போயிடும்" என்றார்.

"அப்ப சரி" என்றாள் அருளம்மா. பிறகு என் கையைப் பிடித்துப் பின்னால் கிணற்றடிக்குக் கூட்டிப் போனாள். நாடி பார்ப்பது மாதிரி மணிக்கட்டை விடாமல் பிடித்திருந்தாள்.

"அவனுக்கு யாராவது தப்பாச் சொல்லியிருப்பாங்களா?" என்று கேட்டாள். "நீ செத்துட்டேன்னு யாராவது எழுதி, அவன் நம்பியிருப்பானா?"

ஆமாம் என்று சொல்லியிருக்கலாம். அந்த முகத்தைப் பார்த்தால் யாருக்கும் அப்படித்தான் சொல்லத் தோன்றும். "அன்னிக்கு என்னை பஸ் ஏத்திவிட்டது அவர்தானேம்மா" என்றேன்.

கிணற்றுக்குள் எட்டிப் பார்த்தாள். "கட்டிக்கறியா அவனை? உன் கால்ல விழ வைக்கிறேன்."

"வேண்டாம்மா" என்றேன். வாய்தான் சொன்னது. நெஞ்சு இன்னும் கேம்ப் ரோட்டில் சைக்கிள் பக்கத்தில் நடந்துகொண்டிருந்தது. ஆனால் வாய் சொன்னது சரி என்று எனக்குத் தெரிந்தது. இன்னொரு நாலு வாளித் தண்ணீருக்கு நான் தாங்க மாட்டேன்.

"சாமிகிட்ட என்னைப் பொய் சொல்ல வெச்சுட்டான்" என்றாள். "கோவில்ல சொன்னதைக் கோவில்லதான் திருத்தணும். உன் பேரு வெளியே வரும், ஊர் பேசும். உனக்குச் சம்மதம் இல்லேன்னா விட்டுடறேன். நீ பாட்டுக்குக் கப்பலேறு, நான் பாட்டுக்குப் பூசையை நிறுத்திடறேன். யாருக்கும் ஒண்ணும் தெரியாது."

மாலைவரை யோசித்தேன். பேசாமல் போனால் சின்னம்மா வரை நான் நல்ல பெண். அவனுக்கும் நிம்மதி. பினாங்கிலும் கிட்டத்தட்ட செத்தவளாகத்தானே இருந்தேன். இங்கேயும் அப்படியே விட்டுவிட்டுப் போனால் நான் உயிரோடு இருப்பது எந்த ஊரில்?

மொட்டைமாடியில் பாயை உதறிக்கொண்டிருந்த சின்னம்மாவிடம் முதலில் சொன்னேன். ஃபெர்ரியிலிருந்து கிணற்றடி வரை எல்லாவற்றையும். அவள் பாயைக் கீழே போட்டுவிட்டாள். திட்டப் போகிறாள் என்று நினைத்தேன்.

"அடிப்பாவி. அன்னிக்கு உன் பக்கத்துலயே உட்கார்ந்து உனக்கே இளைப்பாற்றி சொன்னேனே, ஒரு வார்த்தை சொன்னியா?" என்று தலையில் அடித்துக்கொண்டாள். அப்புறம் அம்மாவுக்கு எழுத மாட்டேன் என்று தானாகவே சொன்னாள். இறங்கிப் போய், சம்மதம் என்று அருளம்மாவுக்கு ஆள் அனுப்பினேன்.

ஞாயிற்றுக்கிழமை செருப்பை வாசலிலேயே கழற்றினேன். அருளம்மா எனக்காகப் பெண்கள் பக்கம் முன்வரிசையில் இடம் போட்டு வைத்திருந்தாள். "அவனையும் இழுத்துக்கிட்டு வந்திருக்கேன். அந்தப் பக்கம், தூண்கிட்ட" என்று காதோடு சொன்னாள். சாமியார் வந்து தொண்டையைக் கனைத்தார்.

"பினாங்கு ஜெசிந்தா மரிக்காமல் உயிரோடும் சுகத்தோடும் இருப்பதற்கு நன்றியாக, சேலையூர் அருளம்மாள் ஒப்புக்கொடுக்கும் பூசை."

என் முதுகுக்குப் பின்னால் முக்காடுகள் ஒன்றோடொன்று உரசின. யாரு, யாரு, அதோ அவதான். அப்புறம் எல்லாத் தலைகளும் நடைபாதையைத் தாண்டி அந்தத் தூண் பக்கம் திரும்பின. சின்னம்மா திரும்பினாள். அருளம்மாகூடத் திரும்பினாள்.

அந்த ஊரில் நான் எட்டிப் பார்க்காத இடம் கிடையாது. மீன் கூடைக்குள் பார்த்தேன், கண்டக்டர் பைக்குள் பார்த்தேன், சந்தையில் புறாவின் வாய்க்குள்கூடப் பார்த்தேன். கடல் தாண்டி வந்ததே அந்த ஒரு முகத்தைப் பார்க்கத்தான். எல்லோரும் முழங்காலிட்டார்கள். நானும் முழங்காலிட்டேன். மணிக்கட்டில் அருளம்மாவின் விரல்கள் இருந்தன. வலது பக்கம் நான் திரும்பவில்லை.